சீக்ரோவ் உப்பு மெருகு ஜாடி: எட்டு மாதப் புழக்கத்துக்குப் பின்

எங்கள் சமையலறை மேடையில் அடுப்புக்கு எட்டாத மூலையில் ஒரு ஜாடி இருக்கிறது. ஒரு காலன், அதாவது ஏறக்குறைய 3.8 லிட்டர் கொள்ளும். வட கரோலைனா மாநிலத்தின் நடுப்பகுதியில் உள்ள சீக்ரோவ் என்னும் சிற்றூரை ஒட்டிய ஒரு குயவர் கூடத்தில், சூளை பிரித்த நாளன்று, கடந்த மார்ச் மாதம் வாங்கினேன். விலை 90 டாலர். வாங்கிய அன்றே எழுதியிருந்தால் அதன் அழகைப் பற்றி மட்டுமே எழுதியிருப்பேன். இந்த எட்டு மாதங்களில் இரண்டு ஈடு ஊறுகாயும், எத்தனையோ முறை தயிரும் மோரும் அதில் இருந்துவிட்டன. ஆகவே இப்போது அதை ஒரு பாண்டமாக மதிப்பிட முடிகிறது. இந்த ஊரின் ஜாடிகளை அப்படித்தான் மதிப்பிட வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. அலமாரியில் வைத்துப் பார்ப்பதற்காக அல்ல, இறைச்சியை உப்பிலிடவும், முட்டைக்கோசைப் புளிக்க வைக்கவும், பால், வெல்லப்பாகு, சாராயம் ஆகியவற்றை நிரப்பி வைக்கவும் பிறந்தவை அவை.

முதலில் கண்ணுக்குத் தெரிவதைச் சொல்கிறேன். ஜாடியின் வெளிப்புறம் ஆரஞ்சுப் பழத்தோலைப் போல நுண்ணிய குழிகளோடு இருக்கிறது. விரலால் தடவினால் சொரசொரப்பு தெரியும், ஆனால் நகத்தால் கீறினால் கண்ணாடியைக் கீறுவது போல வழுக்கிவிடும். ஒரு பக்கம் சாம்பல் நிறம், மறுபக்கம் இளம்பழுப்பு. தீ எந்தப் பக்கத்திலிருந்து வந்தது என்பதை ஜாடியைத் திருப்பிப் பார்த்தே சொல்லிவிடலாம். தோள்பட்டையில் விறகுச் சாம்பல் பறந்துவந்து படிந்து உருகிய இடத்தில் பாசிப்பச்சை நிறத்தில் ஒரு மினுக்கம். அதற்குச் சற்றுக் கீழே, புளியங்கொட்டை அளவில், கண்ணாடித் துளி ஒன்று உறைந்து நிற்கிறது. அது சூளையின் வளைகூரைச் செங்கல்லிலிருந்து சொட்டியது. பல ஆண்டுகளாக எரிந்த சூளையில் கூரையே மெருகேறி, உச்ச வெப்பத்தில் வியர்வை போலச் சொட்டும். எந்தப் பாண்டத்தின் மீது விழும் என்று யாராலும் சொல்ல முடியாது. இரண்டு காதுகளுக்கு நடுவே, ஈர மண்ணில் அச்சு வைத்து அழுத்திய 1 என்ற எண். அது எத்தனை காலன் என்பதைக் குறிக்கும் பழைய வழக்கம்.

உப்பு மெருகு என்பதை ஓரளவு விளக்காமல் இந்த ஜாடியின் தரத்தைப் பேச முடியாது. பொதுவாகப் பாண்டத்தின் மேல் ஒரு கரைசலைப் பூசியோ, கரைசலில் முக்கியெடுத்தோ சுட்டால் அது உருகிக் கண்ணாடிப் படலமாகும். உப்பு மெருகில் வெளிப்புறத்துக்குப் பூச்சே கிடையாது. மண்ணை மட்டும் வனைந்து, உலர்த்தி, சூளையில் அடுக்கி, வெப்பம் ஏறத்தாழ 1,250 முதல் 1,300 டிகிரி செல்சியஸ் வரை ஏறிய பிறகு, சூளைக் கூரையில் உள்ள துளைகளின் வழியே சாதாரணச் சமையல் உப்பைக் கொட்டுகிறார்கள். அந்த வெப்பத்தில் உப்பு வெடித்து ஆவியாகிறது. அதிலுள்ள சோடியம், களிமண்ணில் இருக்கும் சிலிக்காவோடு சேர்ந்து, பாண்டத்தின் தோலையே கண்ணாடியாக மாற்றிவிடுகிறது. மேலே ஒட்டிய படலமாக இல்லாமல் மண்ணோடு ஒன்றிப்போவதால் அது எளிதில் உரிந்து வருவதில்லை. அந்தக் கண்ணாடியில் ஈயம் கிடையாது. அமெரிக்காவில் அதற்கு முன் பரவலாக இருந்த செம்மண் பாண்டங்களுக்கு ஈய மெருகே பூசப்பட்டது. புளிப்புப் பொருளை அதில் வைத்தால் ஈயம் கரைந்து உணவில் சேரும். கூடுதல் வெப்பத்தில் சுட்ட உப்பு மெருகுப் பாண்டங்கள் ஊறுகாய்க்கும் காடிக்கும் உரியவையாக விரும்பப்பட்டதற்கு இது முக்கியமான காரணம். என் ஜாடியின் உட்புறத்துக்கு உப்பாவி முழுமையாக எட்டாது என்பதால், உருகிக் கண்ணாடியாகக்கூடிய கரும்பழுப்புக் களிமண் குழம்பு ஒன்றை உள்ளே ஊற்றிச் சுழற்றி வடித்திருக்கிறார்கள். உள்ளே கையை விட்டால் வனைந்தவரின் விரல்கள் மேலேறிய சுற்றுவரைகள் அடிமுதல் கழுத்துவரை தட்டுப்படுகின்றன.

சூளையையும் அன்று அருகிலிருந்து பார்த்தேன். இந்தப் பகுதியின் பழைய சூளைக்கு கிரவுண்ட்ஹாக் என்று பெயர். வளை தோண்டி வாழும் ஒரு விலங்கின் பெயர் அது. பெயருக்கேற்ப, நீண்ட தாழ்வான செங்கல் சுரங்கம் ஒன்று மேட்டுநிலத்துக்குள் பாதி புதைந்து கிடக்கிறது. ஒரு முனையில் தீக்குழி, மறுமுனையில் புகைபோக்கி. உள்ளே நிமிர்ந்து நிற்க இடமில்லை. குனிந்தோ தவழ்ந்தோதான் பாண்டங்களை அடுக்க வேண்டும், பிறகு அதே நிலையில்தான் வெளியே எடுக்க வேண்டும். விறகு பெரும்பாலும் பைன் மரம். இங்குள்ள பழைய குயவர் குடும்பங்கள் தம் தொழிலுக்கு வைத்திருக்கும் சொற்கள் அமெரிக்காவின் கலைப்பள்ளிகளில் வழங்கும் சொற்கள் அல்ல. வனைபவரை ‘டர்னர்’ என்கிறார்கள், அதாவது சுழற்றுபவர். சூளை சுடுவதை ‘எரிப்பது’ என்கிறார்கள். அன்று சூளை பிரிக்கும்போது கூட்டத்தில் நின்றிருந்த வயதான ஒருவர் ஒவ்வொரு பாண்டத்தையும் வாங்கி விரல் கணுவால் தட்டி, ஒலியைக் கேட்டு, இரண்டை மட்டும் தனியே எடுத்து வைத்தார். தட்டினால் மணி போல ஒலித்தால் விரிசல் இல்லை என்று பொருள். என் ஜாடியையும் அவர் செய்தது போலவே தட்டிப் பார்த்துத்தான் எடுத்தேன்.

இந்தச் சிற்றூரைச் சுற்றி ஐம்பதுக்கும் மேற்பட்ட குயவர் கூடங்கள் இருப்பதற்கு மண்தான் முதற்காரணம். இங்கிலாந்திலிருந்தும் ஜெர்மன் பகுதிகளிலிருந்தும் வந்து 18ஆம் நூற்றாண்டில் குடியேறியவர்கள் இங்கே நல்ல களிமண்ணைக் கண்டார்கள். உழவு இல்லாத மாதங்களில் பாண்டம் வனைந்து, வண்டியில் ஏற்றி ஊர் ஊராக விற்றார்கள். கோல், ஓவன், கிரேவன், லக், டீக், ஆமன் என்று சில குடும்பப் பெயர்கள் தலைமுறை தலைமுறையாகத் தொடர்கின்றன. அவர்களுள் சிலர் இன்றும் சக்கரத்தின் முன் அமர்கிறார்கள். 19ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் கனெக்டிகட் மாநிலத்திலிருந்து தெற்கே வந்த வெப்ஸ்டர் சகோதரர்களுள் செஸ்டர் வெப்ஸ்டர் என்பவர் இந்தப் பகுதியில் தங்கி, உப்பு மெருகு ஜாடிகளின் தோளில் பறவையையும் மீனையும் கூர்முனையால் கீறி வைத்தார். வாங்குபவர் அதற்காக எதையும் கூடுதலாகக் கேட்டிருக்க மாட்டார். இறைச்சியை உப்பிலிடும் ஜாடியில் ஒரு மீனைக் கீறத் தோன்றிய அந்த மனத்தை நான் பெரிதும் மதிக்கிறேன்.

பிறகு சந்தை சரிந்தது. கண்ணாடிக் குப்பிகளும் தகரக் கலன்களும் மலிந்தன. வட கரோலைனாவில் 1908ஆம் ஆண்டு வாக்கெடுப்பில் மதுவிலக்கு வெற்றி பெற்றதால் சாராயக் குடுவைகளுக்கு இருந்த பெரிய தேவை வீழ்ந்தது. அந்த நேரத்தில் ராலே நகரைச் சேர்ந்த ஜாக் பஸ்பீ, ஜூலியானா பஸ்பீ என்ற கணவனும் மனைவியும், பழ அப்பம் வைக்கும் ஆரஞ்சு நிற மண்தட்டு ஒன்றால் ஈர்க்கப்பட்டு இந்தப் பகுதிக்கு வந்தார்கள் என்று சொல்லப்படுகிறது. நியூயார்க்கின் கிரீனிச் வில்லேஜ் பகுதியில் ஒரு தேநீர் விடுதி திறந்து அங்கே இந்தப் பாண்டங்களை விற்றார்கள். 1920களின் தொடக்கத்தில் ஜக்டவுன் என்ற பெயரில் தங்களுக்கே ஒரு குயவர் கூடத்தை நிறுவினார்கள். சார்லி டீக் முதலில் வனைந்தார். 1923இல் பென் ஓவன் சேர்ந்தார். அருங்காட்சியகங்களில் உள்ள சீன, கொரியப் பாண்டங்களைப் பார்க்கச் செய்து, அவற்றின் வடிவ எளிமையை உள்ளூர் மண்ணில் கொண்டுவர பென் ஓவனைத் தூண்டினார்கள். இது கலப்படம் என்று குறை கூறுபவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. வாங்குவோர் குறைந்துபோன தொழிலுக்குப் புதிதாக வாங்குவோரைக் கொண்டுவந்த முயற்சி அது. அது நடந்திராவிட்டால் பல குடும்பங்கள் சக்கரத்தை விட்டுப் பஞ்சாலைகளுக்கோ அறைகலன் தொழிற்சாலைகளுக்கோ போயிருப்பார்கள்.

ஜக்டவுன் இன்றும் இயங்குகிறது. சீக்ரோவிலிருந்து சில மைல் தொலைவில், மரங்களுக்கு நடுவே, மரக்கட்டைகளை அடுக்கிக் கட்டிய பழைய கட்டடங்களில் இருக்கிறது. 1983 முதல் வெர்னன் ஓவன்ஸின் குடும்பத்துக்குச் சொந்தமாக உள்ளது. அவருக்கு 1996இல் நாட்டுப்புறக் கலைகளுக்கான தேசிய மரபு விருது வழங்கப்பட்டது. 1999இல் அந்த இடமே தேசிய வரலாற்று இடங்களின் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது. அங்கே சென்றால் விற்பனை அறைக்குப் போவதற்கு முன் சிறிய காட்சியறையில் பழைய பாண்டங்களைப் பார்த்துவிட வேண்டும். ‘தவளைத் தோல்’ என்று இங்கே பெயர் பெற்ற மெருகை முதலில் அங்கேதான் பார்த்தேன்: உருகிப் பழுப்புக் கண்ணாடியாகும் களிமண் குழம்பைப் பூசி, அதன் மேல் உப்பாவியும் படிந்தால், பச்சையும் பழுப்பும் புள்ளி புள்ளியாகக் கலந்து, மழைக்காலக் குளக்கரையில் அமர்ந்திருக்கும் தவளையின் முதுகைப் போலவே வருகிறது. பழைய ஆரஞ்சுத் தட்டுகளின் ஈய மெருகு பிற்காலத்தில் கைவிடப்பட்டது. அந்த நிறத்தை ஈயமில்லாமல் கொண்டுவரும் வேலையை 1960களின் பிற்பகுதியில் அங்கே பொறுப்பேற்ற நான்சி ஸ்வீசி செய்தார். ஆகவே பழம்பொருள் சந்தையில் பழைய ஆரஞ்சுப் பாண்டம் கிடைத்தால் அதில் சாப்பிடாமல் சுவரில் மாட்டிவைப்பதே நல்லது.

முதல்முறை செல்பவர்கள் எந்தக் கூடத்துக்கும் போவதற்கு முன் ஊருக்குள் இருக்கும் வட கரோலைனா மண்பாண்ட மையத்தில் ஒரு மணி நேரத்தைச் செலவிட வேண்டும் என்று பரிந்துரைக்கிறேன். 1998இல் திறக்கப்பட்ட இந்த மையத்தில் பூர்வகுடிகளின் பாண்டங்களிலிருந்து இன்றைய குயவர்களின் வேலைவரை வரிசையாகப் பார்க்க முடிகிறது. உப்பு மெருகுக்கும் சாம்பல் மெருகுக்கும் வேறுபாடு என்ன, கையெழுத்தில்லாத பழைய ஜாடி எந்தக் குடும்பத்தினுடையது என்பதைக் காதின் வளைவை வைத்து எப்படி ஊகிக்கிறார்கள் என்பதெல்லாம் பாண்டங்களை நேரில் ஒப்பிட்டுப் பார்க்கும்போதே மனத்தில் பதிகின்றன. என்னை அங்கே நெடுநேரம் நிறுத்தியவை கல்லறை அடையாளங்கள். கல்வெட்டுக்குக் காசில்லாத குடும்பங்களுக்காக, இந்தப் பகுதிக் குயவர்கள் குடுவை வனைவது போலவே உருளையாக வனைந்து, இறந்தவரின் பெயரையும் தேதியையும் ஈர மண்ணில் கீறி, ஜாடிகளோடு சேர்த்துச் சூளையில் உப்பு மெருகேற்றியிருக்கிறார்கள். பால் வைக்கும் பாண்டத்தின் அதே சாம்பல் நிறமும் அதே சொரசொரப்பும் அதில் இருந்தன.

இந்த ஊரில் எந்தக் கடைக்குச் சென்றாலும் முகக் குடுவைகள் முன்வரிசையில் நிற்கும். பிதுங்கிய கண்களும், உடைந்த பீங்கான் சில்லுகளால் ஆன பற்களும் கொண்ட குடுவைகள் அவை. சுற்றுலாப் பயணிகள் அதிகம் வாங்குவதும் அவற்றைத்தான். அவற்றின் மீது எனக்கு வெறுப்பில்லை. ஆனால் அவை எங்கிருந்து வந்தன என்பதை அறியாமல் வேடிக்கைப் பொருளாக வாங்குவது எனக்கு வருத்தம் தருகிறது. தென் கரோலைனாவின் எட்ஜ்ஃபீல்டு பகுதியில் 19ஆம் நூற்றாண்டின் நடுவில், அடிமைப்படுத்தப்பட்டிருந்த ஆப்பிரிக்க அமெரிக்கக் குயவர்கள், உள்ளங்கையில் அடங்கும் சிறிய முகப் பாண்டங்களைச் செய்தார்கள். கண்ணுக்கும் பல்லுக்கும் வெண்களிமண்ணை வைத்தார்கள். 1858ஆம் ஆண்டு வாண்டரர் என்ற கப்பலில் சட்டவிரோதமாகக் கடத்தி வரப்பட்ட ஆப்பிரிக்கர்களுள் சிலர் எட்ஜ்ஃபீல்டு பகுதிக்கு விற்கப்பட்டனர். காங்கோ பகுதிச் சடங்கு உருவங்களோடு இம்முகங்களுக்கு உறவுண்டு என்று ஆய்வாளர்கள் பலர் கருதுகிறார்கள். பின்னாளில் வெள்ளைக் குயவர்களும் அந்த வடிவை எடுத்துக்கொண்டார்கள்.

எட்ஜ்ஃபீல்டைப் பற்றிப் பேசும்போது டேவிட் டிரேக்கைப் பற்றிச் சொல்லாமல் நகர முடியாது. ஏறத்தாழ 1800இல் அடிமையாகவே பிறந்தவர். அமெரிக்காவில் கையால் வனைந்த ஜாடிகளுள் மிகப் பெரியவை சிலவற்றை அவர் வனைந்தார். 1859இல் இன்னொரு குயவரோடு சேர்ந்து வனைந்த ஜாடிகள் ஏறக்குறைய 40 காலன் கொள்ளும். அவ்வளவு பெரிய பாண்டத்தை ஒரே உருண்டையில் இழுக்க முடியாது. அடிப்பகுதியைச் சக்கரத்தில் வனைந்து, சற்று இறுகிய பின் அதன் மேல் மண்திரி வைத்து மேலும் இழுத்து ஏற்ற வேண்டும். தென் கரோலைனாவில் அடிமைகளுக்கு எழுதப் படிக்கக் கற்பிப்பதை 1834இல் சட்டம் தடை செய்தது. அந்தச் சட்டம் நடைமுறையில் இருந்த நாட்டில், டிரேக் தம் ஜாடிகளின் தோளில் ‘டேவ்’ என்று கையொப்பமிட்டு, தேதியிட்டு, ஈரடிக் கவிதைகளையும் எழுதினார். 1857 ஆகஸ்ட் 16 அன்று எழுதிய ஒன்றில், தம் உறவினர் அனைவரும் எங்கே என்று கேட்டுவிட்டு, எல்லோருக்கும் எல்லா நாட்டாருக்கும் நட்பைச் சொல்கிறார். உறவுகள் பிரித்து விற்கப்பட்ட ஒருவர் எழுதிய வரி அது. சேமிப்பு ஜாடி ஒன்றின் மேல் எழுதினார். 2021இல் அவருடைய ஜாடி ஒன்று ஏலத்தில் 15 லட்சம் டாலருக்கு மேல் விலைபோனது. 2022இல் நியூயார்க்கின் மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகம் எட்ஜ்ஃபீல்டின் கறுப்பினக் குயவர்களுக்கெனத் தனிக் கண்காட்சியே நடத்தியது.

எட்ஜ்ஃபீல்டில் வழங்கியது உப்பு மெருகன்று, சாம்பல் மெருகு. விறகுச் சாம்பலையோ சுண்ணாம்பையோ களிமண்ணோடும் மணலோடும் கரைத்துப் பூசிச் சுடுவது. பச்சையாகவும் பழுப்பாகவும் வழிந்து, புதுத்தேன் போலத் திரண்டு நிற்கும். அங்கிருந்து மேற்கே ஜார்ஜியாவுக்கும் பிற மாநிலங்களுக்கும் அந்த முறை பரவியது. ஜார்ஜியாவின் மாஸி கிரீக் பகுதியில் மெடர்ஸ் குடும்பத்தைச் சேர்ந்த லேனியர் மெடர்ஸும், வட கரோலைனாவின் கட்டாபா பள்ளத்தாக்கில் பர்லன் கிரெய்கும், எல்லோரும் கைவிட்ட பிறகும் அதே மெருகையும் அதே சூளையையும் விடாமல் பிடித்துக்கொண்டிருந்தார்கள். முன்னவருக்கு 1983இலும் பின்னவருக்கு 1984இலும் தேசிய மரபு விருது கிடைத்தது. இருவரும் முகக் குடுவைகளால்தான் உலகறியப்பட்டார்கள் என்றாலும், இருவரும் பால் ஜாடியும் மோர்த்தாழியும் வனையத் தெரிந்த குடியானவர்கள் என்பதையே நான் முதலில் நினைத்துக்கொள்கிறேன். கையில் இருக்கும் பணத்துக்கு ஒரு பாண்டம்தான் வாங்க முடியும் என்றால், முகக் குடுவையை விட்டுவிட்டு, அலங்காரமில்லாத ஜாடி ஒன்றை வாங்குங்கள். வனைபவரின் முழுத் திறமையும் அதில்தான் ஒளிவு மறைவில்லாமல் நிற்கிறது.

என்னிடமுள்ள ஜாடியின் செயல்பாட்டுக்கு வருகிறேன். முதல் ஈடாக நாற்பது எலுமிச்சம்பழங்களை நாலாக வகிர்ந்து, கல்லுப்பும் மஞ்சள்தூளும் சேர்த்துப் பிசறிப் போட்டேன். பழைய அமெரிக்க ஜாடிகள் பலவற்றுக்கு மூடியே கிடையாது. வாயின் வெளிவிளிம்பைத் தடித்த வளையமாக வனைந்திருப்பார்கள், துணியைப் போர்த்திக் கயிற்றால் இறுக்கிக் கட்டினால் கயிறு நழுவாமல் அந்த வளையத்துக்குக் கீழே நிற்கும். என் ஜாடிக்கு மூடி உண்டு. இருந்தாலும் வளையமும் இருப்பதால், வெள்ளைத் துணியால் வேடு கட்டி வெயிலில் வைக்க முடிந்தது. வேடு கட்டுவதற்கென்றே வனைந்த வாயை இந்த நாட்டில் பார்த்தபோது எனக்கு உண்டான மகிழ்ச்சியைச் சொல்லில் அடக்க முடியவில்லை. மூன்று வாரம் தினமும் குலுக்கிவிட்டேன். காதுகள் இரண்டும் நான்கு விரல் நுழையும் அளவுக்கு இருப்பதால், ஈரக் கையிலும் பிடி வழுக்கவில்லை. தோல் ஊறிய விதம், கண்ணாடிக் குப்பியில் போடும்போது வருவதைவிட நன்றாக இருந்தது. வெளிச்சம் புகாததால் நிறமும் கறுக்காமல் நெடுநாள் நின்றது.

ஒரு பாண்டம் நன்றாகச் சுடப்பட்டதா என்பதற்கு உப்பை விடச் சிறந்த சோதனை இல்லை. சூடு போதாமல் மண்ணில் நுண்துளைகள் எஞ்சியிருந்தால், உப்புநீர் அவற்றின் வழியே ஊறி வெளியே வந்து, சில வாரங்களில் வெளிப்புறத்தில் வெள்ளையாக உப்புப் பூக்கும். என் ஜாடியில் எட்டு மாதமாகியும் அடிவட்டத்தில்கூட அப்படி ஒன்றுமில்லை. முதல் ஈடு தீர்ந்ததும் வெந்நீர் ஊற்றி ஓர் இரவு வைத்துக் கழுவினேன். மறுநாள் முகர்ந்து பார்த்தபோது எலுமிச்சை வாடையே இல்லை, அன்றே தயிர் உறை ஊற்றினேன். பிளாஸ்டிக் டப்பாவில் இது நடக்காது.

குறைகளும் உண்டு. காலியாக இருக்கும்போதே கனம் அதிகம். நிரம்பிய ஜாடியை மேலடுக்கில் தூக்கி வைப்பது வயதானவர்களுக்கு ஆகாத வேலை. அடிப்புறம் மெருகில்லாத மண்ணாதலால் கருங்கல் மேடையைக் கீறுகிறது. முதல் வாரமே ஒரு கீறல் விழுந்தபின் கார்க் வட்டம் ஒன்றைக் கீழே வைத்தேன். மூடி ஒரு பக்கம் சற்று ஆடுகிறது. சூளையில் வாய் இம்மியளவு நீள்வட்டமாகியிருக்கிறது என்பது என் ஊகம். ஊறுகாய்க்கு அது பொருட்டில்லை, எறும்பு வரும் வீட்டில் வேடு கட்டியே ஆக வேண்டும். இதை அடுப்பின் மேல் வைக்கவே கூடாது. உப்பு மெருகுப் பாண்டம் புளிப்பைத் தாங்கும், உப்பைத் தாங்கும், தீச்சுவாலையின் திடீர் வெப்பத்தைத் தாங்காது; விரிசல் விட்டுவிடும்.

அதே பயணத்தில் வேறொரு கடையில், பெயரைச் சொல்ல விரும்பவில்லை, மிக அழகிய நீலப் பச்சை மெருகுள்ள மூடி ஜாடி ஒன்றை இதைவிடக் கூடுதல் விலைக்கு வாங்கினேன். வீட்டுக்கு வந்ததும் நீர் நிரப்பிச் செய்தித்தாளின் மேல் ஓர் இரவு வைத்தேன். காலையில் தாளில் வட்டமாக ஈரம். ஐயப்பட்டு, உப்புநீர் ஊற்றி மூன்று வாரம் வைத்தபோது, அடிப்பக்கத்தில் வெள்ளைப் பொடி பூத்திருந்தது. எழுதிக் கேட்டபோது, கையால் செய்த பொருளில் இது இயல்புதான், அலங்காரத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள் என்ற பதில் வந்தது. அதை என்னால் ஏற்க முடியவில்லை. மூடியும் காதும் வைத்து, ஜாடி என்று சொல்லி விற்றதில் நீர் நிற்க வேண்டும். இந்தப் பகுதிக் குயவர்கள் நூறாண்டுக்கு மேலாகக் கையால்தான் செய்தார்கள். ஒழுகிய ஜாடியை எந்தக் குடியானவரும் இரண்டாம் முறை வாங்கியிருக்கமாட்டார். கைவினை என்ற சொல்லை ஒழுக்குக்குச் சாக்காகச் சொல்வது, ஒழுகாத ஜாடியை வனையும் பக்கத்துக் கூடத்தாருக்கு இழைக்கும் அநீதி.

ஆகவே வாங்கப் போகிறவர்கள் மூன்று காரியங்களைத் தயங்காமல் செய்யலாம். பாண்டத்தைக் கையிலெடுத்து விரல் கணுவால் தட்டி ஒலியைக் கேளுங்கள். அடியைத் திருப்பி மண்ணைப் பாருங்கள். மெருகில்லாத அந்த இடத்தில் ஒரு சொட்டு நீர் விட்டால், நன்கு வெந்த மண்ணில் அது முத்தாக நிற்கும், வேகாத மண்ணில் உறிஞ்சப்பட்டுக் கருமையாகத் தெரியும். உணவு வைக்கலாமா, எந்த வெப்பத்தில் சுட்டது என்று வனைந்தவரிடமே கேளுங்கள். நான் சென்ற கூடங்களில் பெரும்பாலும் வனைந்தவரே விற்பனை அறையில் நிற்கிறார். கேட்டால் மகிழ்ந்து, எந்த மேட்டிலிருந்து மண் வெட்டினார் என்பதுவரை சொல்கிறார். எனக்கு ஜாடி விற்றவர், ஊறுகாய்க்கு என்று நான் சொன்னதும், கையிலிருந்த ஜாடியை வாங்கி வைத்துவிட்டு, உள்ளே குழம்பு ஊற்றியதாகப் பார்த்து வேறொன்றை எடுத்துக் கொடுத்தார். அந்த மாற்றத்துக்கு அவர் கூடுதலாக எதுவும் வாங்கவில்லை.

ராலே, கேரி பக்கம் இருப்பவர்கள் 64ஆம் நெடுஞ்சாலையில் பிட்ஸ்பரோ வழியாக ஆஷ்பரோ சென்று தெற்கே திரும்பினால் ஏறக்குறைய ஒன்றரை மணி நேரத்தில் சேரலாம். சீக்ரோவிலிருந்து 705ஆம் சாலை கிளம்புகிறது. அதன் இருபுறமும் கூடங்களின் பலகைகள் தெரியும். ஞாயிறும் திங்களும் பல கூடங்கள் திறப்பதில்லை, ஆகவே சனிக்கிழமை காலையே செல்வது உத்தமம். கூட்டம் பிடிக்கும் என்றால் நவம்பரில், தாங்க்ஸ்கிவிங் விடுமுறைக்கு முந்தைய வார இறுதியில் குயவர் திருவிழா நடக்கிறது. எனக்கு சூளை பிரிக்கும் நாள்தான் பிடிக்கும். பாண்டங்கள் இன்னும் இளஞ்சூட்டோடு இருக்கும், புகைவாசம் போயிருக்காது, நல்லது விரைவில் போய்விடும் என்பதால் விடியலிலேயே செல்ல வேண்டும்.

அதே குயவரிடம் ஐந்து காலன் ஜாடி ஒன்றுக்குச் சொல்லி வைத்திருக்கிறேன். மூடி வேண்டாம், வாய் வளையத்தை மட்டும் இன்னும் அரை விரல் தடிப்பாக வையுங்கள் என்று கேட்டேன். எதற்கு என்று கேட்டார், வேடு கட்டுவதைச் செய்துகாட்டினேன். இம்மாத இறுதிச் சூளையில் அது ஏறுகிறது.